கணினி விளையாட்டில் ஸ்கிரீன்ஷாட்: எடுப்பது எப்படி, பத்திரப்படுத்துவது எப்படி?

செமினி: காஜாங்கிலிருந்து புரோகா வரை நீளும் வட்டாரத்தில் ரப்பரும் செம்பனையும் நின்ற நிலங்கள் பல இன்று தாமான்களாகிவிட்டன. ஒரே லயத்தில் அடுத்தடுத்த வீடுகளில் வளர்ந்தவர்கள் இப்போது செமினி, காஜாங், கிள்ளான், பிரிக்ஃபீல்ட்ஸ் எனப் பல இடங்களில் வாழ்கிறார்கள். அவர்களின் பிள்ளைகள் ஒன்றுகூடும் இடம் தோட்டத்துத் திடலாக இல்லை. இரவு உணவுக்குப் பிறகு மொபைல் லெஜன்ட்ஸிலோ, டோட்டாவிலோ, மைன்கிராஃப்டிலோ சந்தித்துக்கொள்கிறார்கள்.

அங்கே பெற்ற வெற்றிக்கும், கட்டிய வீட்டுக்கும், பேசிய பேச்சுக்கும், கொடுத்த பணத்துக்கும் விளையாடுபவரின் கையில் மிஞ்சுவது பெரும்பாலும் திரையைப் படமாகப் பிடித்த ஸ்கிரீன்ஷாட் மட்டுமே. மற்றவை எல்லாம் விளையாட்டு நிறுவனத்தின் சர்வரில் இருப்பவை. நிறுவனம் மூடினாலோ கணக்கு பறிபோனாலோ அவையும் போய்விடும். ஆகவே அதை எப்படி எடுப்பது, எப்படிச் சேமிப்பது, எப்போது அது சான்றாகும் என்பதை விளையாடும் பிள்ளைகளோடு பெற்றோரும் தெரிந்துவைத்திருப்பது நல்லது.

சர்வரில் இருப்பது நமதல்ல

இதற்குக் கோலாலம்பூரிலேயே ஓர் எடுத்துக்காட்டு உண்டு. இன்று முப்பது வயதைக் கடந்தவர்கள் பலருக்கு நினைவிருக்கும் ஃபிரெண்ட்ஸ்டர் சமூக வலைத்தளத்தை 2009-இல் மலேசியாவின் எம்.ஓ.எல். குளோபல் நிறுவனம் வாங்கியது. 2011-இல் அது விளையாட்டுத் தளமாக மாற்றப்பட்டபோது, பயனர்கள் ஏற்றிவைத்திருந்த பழைய படங்களும் செய்திகளும் நீக்கப்பட்டன. முன்கூட்டியே அறிவிப்பு வந்தது. பதிவிறக்கிக்கொள்ள வழியும் இருந்தது. அதைக் கவனித்தவர்களிடம் படங்கள் தங்கின. கவனிக்காதவர்கள் இழந்தார்கள். 2015-இல் அந்தச் சேவையும் நிறுத்தப்பட்டது.

முகநூலில் பல குடும்பங்கள் சேர்ந்து விளையாடிய ஃபார்ம்வில் விளையாட்டின் முதல் பதிப்பும் 2020 டிசம்பர் 31-ஆம் தேதி மூடப்பட்டது. ஆண்டுக்கணக்கில் வளர்த்த பண்ணையின் அடையாளமாக இன்று எஞ்சியிருப்பவை, அன்று யாரோ எடுத்து வைத்த படங்களே.

திரையைப் படம் பிடித்துச் சான்றாகக் காட்டும் பழக்கம் புதிதல்ல. 1980-களின் தொடக்கத்தில் அமெரிக்காவின் ஆக்டிவிஷன் நிறுவனம், குறிப்பிட்ட புள்ளிகளை எட்டியவர்கள் தொலைக்காட்சித் திரையைக் கேமராவில் படமெடுத்து அஞ்சலில் அனுப்பினால், சட்டையில் தைத்துக்கொள்ளும் துணிச் சின்னம் ஒன்றைப் பரிசாக அனுப்பியது. 1982-இல் வந்த பிட்ஃபால் விளையாட்டுக்கு 20,000 புள்ளிகள் தேவைப்பட்டன. அன்று ஃபிலிம் கழுவக் காத்திருந்தார்கள். இன்று ஒரு விசை போதும்.

கணினியில் எந்த விசை?

விண்டோஸ் கணினியில் விளையாடுபவர்களுக்குப் பல வழிகள் உள்ளன. படம் போய்ச் சேரும் இடம் ஒவ்வொன்றுக்கும் வேறு. எடுத்த படம் காணவில்லை என்று பலர் குழம்புவதற்கு இதுவே காரணம்.

• பிரின்ட் ஸ்கிரீன் விசையை மட்டும் அழுத்தினால், பழைய விண்டோஸில் படம் கணினியின் தற்காலிக நினைவகத்துக்கு மட்டுமே போகும். பெயின்ட் போன்ற செயலியைத் திறந்து ஒட்டிச் சேமிக்காவிட்டால், அடுத்ததாக எதையாவது நகலெடுத்ததும் அது மறைந்துவிடும். விண்டோஸ் 11 கணினிகள் பலவற்றில் இதே விசை, திரையில் வேண்டிய பகுதியை வெட்டியெடுக்கும் கருவியைத் திறக்கும்.

• விண்டோஸ் விசையோடு பிரின்ட் ஸ்கிரீனைச் சேர்த்து அழுத்தினால் முழுத்திரையும் கோப்பாகவே சேமிக்கப்படும். அது பிக்சர்ஸ் அடைவுக்குள் ஸ்கிரீன்ஷாட்ஸ் என்ற பெயரில் உள்ள அடைவில் இருக்கும்.

• விண்டோஸ், ஆல்ட், பிரின்ட் ஸ்கிரீன் ஆகிய மூன்றையும் சேர்த்து அழுத்தினால் எக்ஸ்பாக்ஸ் கேம் பார் படமெடுக்கும். இது வீடியோஸ் அடைவுக்குள் கேப்சர்ஸ் என்ற இடத்துக்குப் போகும். படத்தை வீடியோக்களின் நடுவே தேட யாருக்கும் தோன்றாது என்பதால் இதை நினைவில் வைக்க வேண்டும்.

• ஸ்டீம் வழியாக விளையாடுபவர்கள் எஃப்12 விசையை அழுத்தலாம். படம் விளையாட்டின் பெயர் வாரியாக ஸ்டீமுக்குள்ளேயே அடுக்கப்படும். அங்கிருந்து அதன் அடைவைத் திறந்து வேறிடத்துக்கு நகலெடுக்கலாம். ஸ்டீம் வழக்கமாக ஜேபெக் வடிவில் சேமிக்கும். தரம் குறையாத நகலையும் சேர்த்துச் சேமிக்கும்படி அமைப்புகளில் மாற்றிக்கொள்ள முடியும்.

• மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பில் எஃப்2 அழுத்தினால் படம் எடுக்கப்பட்டு, தேதியும் நேரமும் கோப்பின் பெயராக அமையும். அதற்கு முன் எஃப்1 அழுத்தினால் திரையின் ஓரத்தில் உள்ள குறியீடுகள் மறைந்து காட்சி மட்டும் தெரியும்.

• என்விடியா கிராஃபிக்ஸ் அட்டையின் செயலி உள்ள கணினிகளில் ஆல்ட்டோடு எஃப்1 அழுத்தினாலும் படம் பதிவாகும்.

இவற்றில் ஒன்றைத் தேர்ந்து, எப்போதும் அதையே பயன்படுத்துவது நல்லது. படங்கள் ஒரே இடத்தில் சேரும்; தேடும் வேலை மிச்சமாகும்.

சைபர் கஃபேயில் விளையாடுபவர்களுக்கு ஒரு தனி எச்சரிக்கை. அங்குள்ள கணினிகள் பல, மறுதொடக்கம் செய்ததும் பழைய நிலைக்கே திரும்பும்படி அமைக்கப்பட்டிருக்கும். அதில் சேமித்த படங்களும் சேர்ந்து அழிந்துவிடும். எழுந்து போகும் முன்பே அவற்றைத் தம் மின்னஞ்சலுக்கோ பென்டிரைவுக்கோ மாற்றிக்கொண்டு, கணக்கிலிருந்து வெளியேறிவிட வேண்டும்.

கைப்பேசியும் கன்சோலும்

ஆண்ட்ராய்டு கைப்பேசிகளில் பவர் பொத்தானையும் ஒலியைக் குறைக்கும் பொத்தானையும் ஒரே நேரத்தில் அழுத்த வேண்டும். முகப்புப் பொத்தான் இல்லாத ஐபோன்களில் பக்கப் பொத்தானையும் ஒலியைக் கூட்டும் பொத்தானையும் அழுத்த வேண்டும். சில கைப்பேசிகளில் மூன்று விரல்களால் கீழே இழுத்தாலோ உள்ளங்கையின் ஓரத்தால் திரையைத் தடவினாலோ படம் விழும். ஆனால், விளையாட்டு நேரத்தில் விரல் தவறிப் படாமல் இருக்க, கைப்பேசியின் கேம் மோட் இந்த வசதியை நிறுத்தி வைத்திருக்கக்கூடும். அவசரத்துக்குப் பொத்தான் முறையே கைகொடுக்கும்.

பிளேஸ்டேஷன் 4-இல் ஷேர் பொத்தானும் பிளேஸ்டேஷன் 5-இல் கிரியேட் பொத்தானும் இதற்கென்றே உள்ளன. நின்டெண்டோ ஸ்விட்சில் இடப்பக்கக் கட்டுப்பாட்டில் உள்ள சிறிய சதுரப் பொத்தான் படமெடுக்கும். கன்சோலில் எடுத்த படம் கன்சோலுக்குள்ளேயே இருப்பதை மறந்துவிடக் கூடாது. இயந்திரம் பழுதாகும் முன் யூ.எஸ்.பி. வழியாகவோ கைப்பேசி வழியாகவோ வெளியே எடுத்துவிட வேண்டும்.

படம் கறுப்பாக விழுந்தால்

சில விளையாட்டுகள் முழுத்திரை முறையில் ஓடும்போது வெறும் கறுப்புப் படமே கிடைக்கும். விளையாட்டின் காட்சி அமைப்புகளுக்குப் போய், விளிம்பில்லாச் சாளர முறைக்கு மாற்றினால் பெரும்பாலும் இது சரியாகும். இல்லையேல் கேம் பாரையோ ஸ்டீமையோ பயன்படுத்திப் பார்க்கலாம்.

நிறம் வெளிறிப்போய் விழுந்தால், திரை எச்.டி.ஆர். முறையில் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். அதை நிறுத்திவிட்டு எடுத்தால் கண்ணில் கண்ட நிறமே படத்திலும் கிடைக்கும்.

அழகுக்காகப் படமெடுப்பவர்களுக்கு போட்டோ மோட் என்ற வசதி பல விளையாட்டுகளில் உண்டு. ஆட்டத்தை நிறுத்தி, கோணத்தையும் வெளிச்சத்தையும் மாற்றிக்கொண்டு எடுக்கலாம். 2004-இல் ஜப்பானில் வெளிவந்த கிரான் டூரிஸ்மோ 4 கார்ப் பந்தய விளையாட்டிலேயே இந்த வசதி இருந்தது.

தமிழ் எழுத்தின் புள்ளி மறையாமல் இருக்க

படத்தின் வடிவத்தில் கவனம் தேவை. பி.என்.ஜி. வடிவம் திரையில் உள்ளதை அப்படியே வைத்திருக்கும். ஜேபெக் வடிவம் கோப்பின் அளவைக் குறைப்பதற்காகச் சில நுணுக்கங்களை விட்டுவிடும். மலையும் வானமும் உள்ள காட்சியில் இந்த வேறுபாடு கண்ணுக்குத் தெரியாது. சிறிய எழுத்துகளில்தான் தெரியும். மெய்யெழுத்தின் மேல் உள்ள புள்ளி மங்கிவிட்டால் தமிழ்ச் சொல்லே மாறிப்போகும். எண்களும் அப்படித்தான், மங்கிய 3-ஐ 8 என்று வாசித்துவிடலாம்.

இது வெறும் பேச்சுக்குச் சொல்வதல்ல. தமிழ் எழுத்துகள் திரையில் வரும் விளையாட்டுகள் உலக அளவில் பேசப்படும் காலம் இது. கனடாவின் டொரண்டோவில் உள்ள விசை கேம்ஸ் உருவாக்கிய ‘வெண்பா’ 2023 ஜூலை 31-ஆம் தேதி வெளிவந்தது. 1980-களில் தமிழ்நாட்டிலிருந்து கனடாவில் குடியேறிய குடும்பத்தின் கதை அது. தாயாரின் சமையல் குறிப்பேடு கிழிந்தும் அழிந்தும் போயிருக்க, விடுபட்ட படிகளை விளையாடுபவரே கண்டுபிடித்துச் சமைக்க வேண்டும். 2024-இல் பிரிட்டனின் பாஃப்டா விருதுகளில் சிறந்த அறிமுக விளையாட்டுக்கான விருதை அது வென்றது. அந்தக் குறிப்பேட்டின் பக்கத்தைப் படமெடுத்து வீட்டுப் பெரியவர்களிடம் காட்ட விரும்புபவர் பி.என்.ஜி. வடிவில் எடுப்பதே சரி.

புலனத்தில் அதாவது வாட்ஸ்அப்பில் படமாக அனுப்பினால் அது சுருக்கப்பட்டே போய்ச் சேரும். மூலப் படமே போக வேண்டுமானால், இணைப்புப் பகுதியில் ஆவணம் என்பதைத் தேர்ந்து அனுப்ப வேண்டும். புலனத்தில் அனுப்பிவிட்டோம் என்று எண்ணி மூலப் படத்தை அழிப்பவர்கள், தரம் குறைந்த நகலை மட்டும் வைத்துக்கொண்டு நல்ல நகலைத் தொலைக்கிறார்கள்.

பெயர், அடைவு, இரண்டாவது நகல்

நூறு படங்கள் வரை யாருக்கும் சிக்கலில்லை. ஆயிரத்தைத் தாண்டும்போதுதான் திணறல் தொடங்கும். அதற்கு எளிய ஒழுங்கு ஒன்று போதும்.

முதலில் விளையாட்டுக்கு ஓர் அடைவு. அதற்குள் ஆண்டுக்கு ஓர் அடைவு. முக்கியமான படங்களுக்கு மட்டும் பெயர் வைத்தால் போதும். பெயரில் ஆண்டு, மாதம், நாள் என்ற வரிசையில் தேதி முதலில் வர வேண்டும். ‘2025-03-14 செமினி அணி இறுதி ஆட்டம்’ என்பதுபோல் எழுதினால், கோப்புகள் தாமாகவே கால வரிசையில் நிற்கும். விண்டோஸில் கோப்புக்குத் தமிழிலேயே பெயரிடலாம், தேடவும் முடியும். ஒரு சொல்லை எப்போதும் ஒரே விதமாக எழுதுவது மட்டும் முக்கியம். ஒருமுறை ‘டோட்டா’ என்றும் மறுமுறை ‘தோத்தா’ என்றும் எழுதினால் தேடலில் பாதிதான் அகப்படும்.

மாதம் ஒருமுறை பயனில்லாதவற்றை அழித்துவிடலாம். ஒரே காட்சியின் பத்துப் படங்களில் ஒன்று போதும். முழு எச்.டி. திரையின் ஒரு படம் பி.என்.ஜி. வடிவில் சராசரியாக 3 எம்.பி. என்று வைத்துக்கொண்டால், கூகுள் கணக்கில் இலவசமாகக் கிடைக்கும் 15 ஜி.பி. இடத்தில் ஏறக்குறைய 5,000 படங்கள் அடங்கும். ஆனால் அதே 15 ஜி.பி.யில்தான் ஜிமெயிலும் டிரைவும் பங்கு போடுகின்றன என்பதைக் கணக்கில் கொள்ள வேண்டும்.

முக்கியமான படம் எப்போதும் இரண்டு இடங்களில் இருக்க வேண்டும். ஒன்று கணினியில், மற்றொன்று வெளிப்புற ஹார்டு டிஸ்கிலோ மேகச் சேமிப்பிலோ. பழைய கணினியையோ கைப்பேசியையோ விற்கும் முன் படங்களை மாற்றிக்கொண்டு, பிறகு சாதனத்தை முழுமையாக அழித்துக் கொடுக்க வேண்டும்.

பணம் போனால் படம் பேசும்

விளையாட்டுக் கணக்கு, டைமண்ட், ஸ்கின் ஆகியவற்றைக் குறைந்த விலைக்குத் தருவதாகச் சொல்லிப் பணத்தை வாங்கிக்கொண்டு மறைந்துவிடுவது இணையத்தில் தெரிந்த மோசடிதான். ஏமாந்த பிள்ளைகள் பயத்தில் உரையாடலை அழித்துவிடுவதும், ஏமாற்றியவர் பெயரை மாற்றிக்கொள்வதும் சேர்ந்து எதையும் நிரூபிக்க முடியாமல் செய்துவிடும். பணம் கொடுக்கும் முன்பே போலீஸின் ‘செமாக் மியூல்’ தளத்தில் அந்த வங்கிக் கணக்கு எண்ணையும் தொலைபேசி எண்ணையும் சோதித்துப் பார்க்கலாம்.

பணம் போய்விட்டது என்று தெரிந்ததும் முதல் வேலை தேசிய மோசடி பதில் நடவடிக்கை மையத்தின் 997 எண்ணுக்கு அழைப்பது. வங்கிக்கும் தெரிவிக்க வேண்டும். அதன் பிறகு போலீஸ் நிலையத்தில் புகார் செய்ய வேண்டும். அதற்கான படங்களில் இவை இருப்பது நல்லது:

• உரையாடல் முழுவதும், முதல் செய்தி முதல் கடைசிச் செய்தி வரை. ஒரு படத்தின் கடைசி வரி அடுத்த படத்தின் முதல் வரியாக வந்தால், நடுவில் எதுவும் விடுபடவில்லை என்று தெரியும்.

• எதிர்த்தரப்பின் பயனர் பக்கம். பெயரை மாற்றலாம், அடையாள எண் மாறாது. மொபைல் லெஜன்ட்ஸில் பெயருக்குக் கீழே உள்ள எண்ணும், ஸ்டீமில் உள்ள 17 இலக்க எண்ணும் அப்படிப்பட்டவை.

• தேதியும் நேரமும் தெரியும்படி முழுத்திரை. வெட்டிச் சுருக்கிய படத்தைவிட இதற்கு மதிப்பு அதிகம்.

• பணம் அனுப்பிய ரசீது, வங்கிக் கணக்கு எண், கணக்கில் உள்ள பெயர்.

இந்தப் படங்களில் வட்டம் போடுவதோ அம்புக்குறி வரைவதோ கூடாது. விளக்கம் தேவையானால் நகல் ஒன்றில் செய்துகொள்ளலாம். மூலப் படமும், கைப்பேசியில் உள்ள மூல உரையாடலும் கை படாமல் இருக்க வேண்டும். 1950-ஆம் ஆண்டு சாட்சியச் சட்டத்தின் 90ஏ பிரிவு, கணினியால் உருவாக்கப்பட்ட ஆவணங்களைச் சாட்சியமாக ஏற்க இடமளிக்கிறது. ஆனால், அதற்கு எவ்வளவு மதிப்புக் கொடுப்பது என்பது நீதிமன்றத்தின் முடிவு. மாற்றப்படாத மூலம் கையில் இருப்பவரின் நிலை வலுவாக இருக்கும்.

வசையும் மிரட்டலும்

விளையாட்டு அரட்டையில் வரும் இனப்பழிப்பையும் மிரட்டலையும் ‘விளையாட்டுதானே’ என்று ஒதுக்கிவிட முடியாது. இணையத்தில் தொடர்ந்து மிரட்டலுக்கு ஆளான தமிழ்ப் பெண் ஒருவர் 2024 ஜூலையில் உயிரிழந்தது நாட்டையே உலுக்கியது. அதன் பிறகு பகடிவதைக்கு எதிராகத் தண்டனைச் சட்டத்தில் 507பி முதல் 507ஜி வரையிலான பிரிவுகள் சேர்க்கப்பட்டு, 2025 ஜூலை 11 முதல் நடப்புக்கு வந்தன. துன்புறுத்தும் சொற்களும், ஒருவருடைய அடையாள விவரங்களைத் தீய நோக்கத்தோடு வெளியிடுவதும் இவற்றின் கீழ் வருகின்றன.

ஆட்டம் முடிந்ததும் பல விளையாட்டுகளில் அரட்டை மறைந்துவிடும். ஆகவே பதில் திட்டுவதை விட்டுவிட்டு முதலில் படமெடுக்க வேண்டும். பிறகு விளையாட்டுக்குள்ளேயே புகார் செய்து அந்த நபரைத் தடுக்க வேண்டும். தொடர்ந்தால் போலீஸிலும், மலேசியத் தொடர்பு பல்லூடக ஆணையத்திலும், சைபர்செக்யூரிட்டி மலேசியாவின் சைபர்999 சேவையிலும் புகார் செய்யலாம்.

ஒரே ஒரு விதிவிலக்கு உண்டு. சிறுவர் சிறுமியரின் ஆபாசப் படம் அரட்டையில் வந்தால் அதைப் படமெடுக்கவோ, சேமிக்கவோ, வேறொருவருக்கு அனுப்பவோ கூடாது. சிறார்களுக்கு எதிரான பாலியல் குற்றங்கள் சட்டம் 2017-இன்படி அதை வைத்திருப்பதே குற்றம். சாதனத்தை அப்படியே எடுத்துக்கொண்டு போலீஸிடம் போவதே சரியான வழி.

பகிரும் முன் பார்க்க வேண்டியவை

வெற்றிப் படத்தைக் குழுவில் பகிர்வதில் தவறில்லை. ஆனால் முழுத்திரைப் படத்தின் ஓரத்தில் மின்னஞ்சல் முகவரியோ, வங்கியின் குறுஞ்செய்தியோ, ஒருமுறைக் கடவுச்சொல்லோ, மற்றவரின் தனிப்பட்ட பேச்சோ தெரிகிறதா என்று பார்க்க வேண்டும். மறைக்க வேண்டியதை மார்க்கர் கோட்டால் அழித்தால் போதாது. மெல்லிய கோட்டுக்கு அடியில் எழுத்து தெரியக்கூடும். கெட்டியான கறுப்புப் பெட்டியால் மூட வேண்டும்.

வெட்டி நீக்கியதும் முழுமையாகப் போய்விட்டது என்று நம்பிவிட முடியாது என்பதை 2023 மார்ச்சில் வெளியான ஒரு தகவல் காட்டியது. கூகுள் பிக்சல் கைப்பேசியிலும் விண்டோஸ் 11-இலும் இருந்த வெட்டும் கருவிகளின் குறைபாட்டால், வெட்டிய பகுதியின் தரவு கோப்புக்குள்ளேயே மீந்திருந்தது. அதை மீட்கவும் முடிந்தது. பின்னர் அது சரிசெய்யப்பட்டது. சாதனத்தைப் புதுப்பித்து வைத்திருப்பது இதனால்தான் அவசியம். அந்தக் காலத்தில் வெட்டிப் பகிர்ந்த பழைய படங்களில் வங்கி விவரங்கள் இருந்தால், இணையத்தில் உள்ளவற்றை நீக்கிவிடுவது நல்லது.

பிள்ளைகளின் கைப்பேசியைப் பறித்து ஆராய்வதைவிட, ஒரு மாலையில் அவர்களோடு உட்கார்ந்து படங்கள் எங்கே சேர்கின்றன என்று பார்த்து, ஓர் அடைவைத் திறந்து, இரண்டாவது நகலுக்கு வழி செய்வது பெற்றோரால் முடிந்த வேலைதான். தப்பு நடந்தாலும் திட்டமாட்டார்கள், முதலில் படமெடுத்து வந்து காட்டலாம் என்ற நம்பிக்கை பிள்ளைகளுக்கு வந்துவிட்டால், அழிக்கக் கூடாத உரையாடல் அழியாமல் இருக்கும்.